வழக்கு ‘இன்ஃப்ரக்சுவஸ்’ (பயனற்றது) ஆகிவிட்டதா? தள்ளுபடி, வாபஸ், திருத்தம், சமரசம்: உங்களுக்கு எது சரி

“தம்பி, நாம ஜெயிச்சுட்டமா, தோத்துட்டமா?”

உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் கேஸ் கட்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு வெளியே வந்த என்னிடம் என் கட்சிக்காரர் கேட்ட கேள்வி இது. எழுபதைத் தாண்டியவர். அவர் வீடு இருப்பது ஆக்கிரமிப்பு நிலம் என்று சொல்லி, 1905ஆம் ஆண்டின் தமிழ்நாடு நில ஆக்கிரமிப்புச் சட்டம் 6ஆம் பிரிவில் காலி செய்யச் சொல்லி நோட்டீஸ் வந்திருந்தது. அதற்கு முன்பே 7ஆம் பிரிவில் விளக்கம் கேட்டு ஒரு நோட்டீஸ் கொடுத்திருக்க வேண்டும், கொடுக்கவில்லை. அரசின் நடவடிக்கையை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் நேரடியாகப் போடும் ரிட் மனு போட்டோம், தடை வாங்கினோம். இறுதி விசாரணை அன்று அரசு வழக்கறிஞர் எழுந்து, “அந்த நோட்டீஸை வாபஸ் வாங்கியாச்சு, மை லார்ட்” என்று ஒரு கடித நகலை நீட்டினார். நீதிபதி என்னைப் பார்த்தார். “அப்ப இன்ஃப்ரக்சுவஸ்தானே?” “ஆமாம், மை லார்ட்” என்றேன். ஒரு நிமிடம்கூட ஆகியிருக்காது, அடுத்த வழக்கைக் கூப்பிட்டுவிட்டார்கள்.

பெரியவரிடம், “ஜெயிச்ச மாதிரிதான் ஐயா” என்றேன். நான்கு மாதம் கழித்து சர்வேயர் வந்து அளந்துவிட்டுப் போனார். பின்னாலேயே புது நோட்டீஸ். பழைய தடை இல்லை. அரசுத் தரப்பு அன்று சொன்னது உத்தரவில் எப்படிப் பதிவாகியிருக்கிறது என்று எடுத்துப் பார்த்தால் இரண்டே வரி: மனு பயனற்றதாகிவிட்டது, தள்ளுபடி செய்யப்படுகிறது. ‘சட்டப்படியான நடைமுறையைப் பின்பற்றாமல் மனுதாரரை அப்புறப்படுத்த மாட்டோம் என்று அரசுத் தரப்பு சொன்னது பதிவு செய்யப்படுகிறது’ என்று ஒரு வரியை நான் கேட்டு வாங்கியிருக்க வேண்டும். கேட்கவில்லை. அந்தத் தவறு என்னுடையது.

அதற்குப் பிறகு, இதே இடத்தில் மாட்டிக்கொண்டு நிற்கும் பலர் என்னிடம் கேட்டிருக்கிறார்கள். வழக்கு போட்ட காரணம் போய்விட்டது, எதிர்த்தரப்பு ‘இனி இதில் ஒன்றுமில்லை’ என்கிறது, வக்கீல் ‘விட்டுவிடலாமா?’ என்கிறார். என்ன செய்வது? சிவில் வழக்கு, ரிட் மனு இரண்டையும் மனதில் வைத்து இந்த ஒப்பீட்டை எழுதுகிறேன்.

## முதலில், நிஜமாகவே பயனற்றுப் போனதா?

வழக்கு எப்படிப் பயனற்றுப் போகும்? எதிர்த்த உத்தரவை அரசே திரும்பப் பெற்றிருக்கும். அல்லது அதன் இடத்தில் புது உத்தரவு வந்திருக்கும். தேர்வு, டெண்டர், ஏலம் முடிந்திருக்கும். கேட்ட பட்டா கைக்கு வந்திருக்கும். வாடகைக்காரர் சாவியைக் கொடுத்துவிட்டுப் போயிருப்பார். தடுக்கச் சொன்ன சுவரைக் கட்டியே முடித்திருப்பார்கள்.

இவற்றில் முழுக்க உயிர் போன வழக்குகள் குறைவு, பாதி உயிரோடு இருப்பவைதான் அதிகம். வாடகைக்காரர் போனாலும் பாக்கி வாடகை இருக்கிறது. பதவி உயர்வு கேட்டவர் ஓய்வு பெற்றுவிட்டாலும், அந்தப் பதவி உயர்வைக் கணக்கில் எடுத்தால் ஓய்வூதியம் கூடும். கல்லூரிச் சேர்க்கையின் கடைசித் தேதி போய்விட்டது, இனி என்ன செய்ய முடியும் என்று பெற்றோர் சோர்ந்துபோவதைப் பார்த்திருக்கிறேன். 2019 டிசம்பரில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு எம்.பி.பி.எஸ். சேர்க்கை பற்றிச் சொன்னதை அவர்களிடம் எடுத்துச் சொல்வேன்: மாணவர் மீது தவறில்லை, தாமதிக்காமல் நீதிமன்றத்துக்கும் வந்துவிட்டார் என்றால், கடைசித் தேதி கடந்தது என்ற ஒன்றை மட்டும் வைத்து அவரைத் திருப்பி அனுப்பக் கூடாது, அரிதான வழக்குகளில் அடுத்த ஆண்டு இடம் ஒதுக்கச் சொல்லலாம், இழப்பீடும் கொடுக்கலாம்.

ஆகவே, யாராவது ‘இன்ஃப்ரக்சுவஸ்’ என்றால் உங்கள் மனுவின் கடைசிப் பக்கத்தைத் திறங்கள். ‘ஆகவே வேண்டிக்கொள்வது’ என்று தொடங்கும் பகுதியில் நீங்கள் கேட்ட பரிகாரங்களை ஒவ்வொன்றாக எடுத்து, இதில் இன்னும் கிடைக்கக்கூடியது ஏதாவது மிச்சம் இருக்கிறதா என்று பாருங்கள்.

## எதை வைத்து எடைபோடுவது?

மிச்சமிருக்கும் பரிகாரம் எவ்வளவு என்பது முதல் கேள்வி, மேலே சொல்லிவிட்டேன். இரண்டாவது, இதே விஷயத்துக்காக மறுபடி வழக்கு போட முடியுமா. மூன்றாவது, கால வரையறை: வழக்கு நடந்த வருடங்கள் உங்கள் கணக்கில் கழியுமா, கழியாதா. நான்காவது, இடைக்கால உத்தரவின் பாதுகாப்பில் இதுவரை செய்தது, கட்டாமல் விட்டது என்ன ஆகும். ஐந்தாவது, கட்டிய கோர்ட் கட்டணம் திரும்புமா. ஆறாவதுதான் எனக்கு முக்கியம்: எதிர்த்தரப்பு இன்றைக்கு வாயால் சொல்வதை நாளைக்கு அவர்கள் மறுக்க முடியாதபடி உத்தரவு கட்டுகிறதா.

| வழி | மறுபடி வழக்கு | காலக்கெடு | கோர்ட் கட்டணம் | எதிர்த்தரப்பைக் கட்டுமா |
|---|---|---|---|---|
| பயனற்றது எனத் தள்ளுபடி | புதிய காரணம் எழுந்தால் போடலாம் | பழைய காரணத்துக்குக் கடிகாரம் நிற்காது | திரும்பாது | சொன்னது பதிவானால் மட்டும் |
| வெறும் வாபஸ் | அதே விஷயத்துக்குக் கதவு அடைப்பு | கேள்வியே எழாது | திரும்பாது | கட்டாது |
| அனுமதியோடு வாபஸ் | போடலாம் | முதல் வழக்கே இல்லாதது போல ஓடும் | புது வழக்குக்குப் புதுக் கட்டணம் | கட்டாது |
| திருத்தித் தொடர்வது | தேவையில்லை | பெரும்பாலும் பழைய தேதி காக்கும் | கூடுதல் பரிகாரத்துக்குக் கூடுதல் | தீர்ப்பு வந்தால் கட்டும் |
| சமரசம் | சமரச டிகிரியை (தீர்ப்பாணையை) எதிர்த்துத் தனி வழக்கு முடியாது | முடிந்துவிடும் | முழுதும் திரும்பும் | முழுதும் கட்டும் |

## வழி 1: ‘பயனற்றது’ என்று தள்ளுபடியாக விடுவது

சுலபமான வழி. நீங்கள் ஒன்றும் செய்ய வேண்டாம், நீதிமன்றமே செய்துவிடும். அப்படிச் செய்வது அதன் கடமையும்கூட. சென்னையிலிருந்து உச்ச நீதிமன்றம் வரை போன ஷிப்பிங் கார்ப்பரேஷன் ஆஃப் இந்தியா வழக்கில் 2004இல் இதைத்தான் சொன்னார்கள். ஏஜென்சியை ரத்து செய்த முதல் நோட்டீஸை எதிர்த்து ஏஜென்ட் வழக்கு போட்டார். வழக்கு நடக்கும்போதே கார்ப்பரேஷன் புதிதாக இன்னொரு ரத்து நோட்டீஸ் கொடுத்தது. முதல் நோட்டீஸ் இனி செல்லாக்காசு என்ற நிலையில், அதன் மேல் நிற்கும் வழக்கைச் சிவில் நடைமுறைச் சட்டம் 151ஆம் பிரிவின் கீழ் முடித்துவிட வேண்டும் என்றது உச்ச நீதிமன்றம்.

இதில் உங்களுக்கு ஒரு நன்மை உண்டு. வழக்கின் நியாய அநியாயத்தை நீதிமன்றம் தீர்மானிக்கவில்லை. அதனால் அதே சட்டத்தின் 11ஆம் பிரிவில் வரும் ‘ஏற்கெனவே தீர்த்த விஷயம்’ என்ற தடை உங்கள் மேல் விழாது. நாளை புது நோட்டீஸ் வந்தால் புதுக் காரணம் பிறக்கிறது, புது வழக்கு போடலாம். என் பெரியவருக்கும் அப்படித்தான் போட்டோம்.

மறைந்திருக்கும் செலவுகள்தான் ஆளைச் சாய்ப்பவை.

இடைக்காலத் தடை வழக்கோடு சேர்ந்து போய்விடும். போவது மட்டுமில்லை, முதலிலிருந்தே இல்லாதது போலவும் ஆகலாம். மின்கட்டண உயர்வுக்குத் தடை வாங்கிக்கொண்டு பழைய கட்டணத்தையே கட்டிவந்த கனோரியா கெமிக்கல்ஸ் வழக்கில், உச்ச நீதிமன்றம் 1997இல் தெளிவாகச் சொன்னது: தடை என்பது உத்தரவைச் செயல்படாமல் நிறுத்துவது, அழிப்பதில்லை, வழக்கு தள்ளுபடியானதும் பாக்கியோடு தாமதக் கட்டணமும் கட்ட வேண்டும். வரி, மின்கட்டணம், கடன் தவணை என்று பணம் சம்பந்தப்பட்ட தடை உங்களிடம் இருந்தால், ‘இன்ஃப்ரக்சுவஸ்’ என்று தலையாட்டும் முன் தடைக்காலத்துப் பாக்கியைக் கணக்குப் போட்டுவிடுங்கள். தடைக்கான நிபந்தனையாக நீதிமன்றத்தில் பணம் கட்டியிருந்தால், அதைத் திருப்பித் தரச் சொல்லும் வரியையும் அதே உத்தரவில் கேளுங்கள். விட்டுவிட்டால் அந்தப் பணத்தை எடுக்கவே தனி மனு போட வேண்டிவரும்.

அடுத்தது பலருக்குத் தெரியாதது. 1963ஆம் ஆண்டின் குறித்தவகைப் பரிகாரச் சட்டம் 40ஆம் பிரிவின் மூன்றாம் உட்பிரிவு: ஒரு கடமை மீறலைத் தடுக்கச் சொல்லிப் போட்ட வழக்கு தள்ளுபடியானால், அந்த மீறலுக்காக நஷ்டஈடு கேட்டுத் தனியாக வழக்கு போடும் உரிமையும் போய்விடும். சுவர் கட்டக் கூடாது என்று தடையாணை கேட்டீர்கள், கட்டிவிட்டார்கள், ‘இனி தடுக்க ஒன்றுமில்லை’ என்று தள்ளுபடி. நஷ்டஈட்டுக்காகப் பிறகு போனால் எதிர்த்தரப்பு வக்கீல் இந்த உட்பிரிவைத்தான் தூக்கிக்கொண்டு வருவார். என்ன காரணத்துக்காகத் தள்ளுபடியானது என்று அந்தப் பிரிவு பிரித்துப் பேசவில்லை.

அதே வழக்கில் உங்கள் மேல் எதிர்த்தரப்பு போட்ட எதிர்க்கோரிக்கையையும் மறக்க வேண்டாம். உங்கள் வழக்கு முடிந்தாலும், சிவில் நடைமுறைச் சட்டம் ஆர்டர் 8, ரூல் 6-டி படி அது தனியே தொடரும். வழக்கை முடித்துவிட்டோம் என்று நிம்மதியாக வீட்டில் இருப்பீர்கள். அங்கே வாய்தா ஓடிக்கொண்டிருக்கும்.

எப்போது இது சரி: கேட்டது முழுதாகக் கிடைத்துவிட்டது, தடைக்காலப் பாக்கி இல்லை, எதிர்க்கோரிக்கை இல்லை, எதிர்த்தரப்பு சொன்னதை நீதிமன்றம் பதிவு செய்யச் சம்மதிக்கிறது. இந்த நான்கும் இருந்தால் வேறு வழி தேட வேண்டியதில்லை.

அந்தப் பதிவின் எடை என்னவென்று சொல்கிறேன். நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே மீறுவது 1971ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தில் உரிமையியல் அவமதிப்பு. மீறிய நாளிலிருந்து ஓராண்டுக்குள் மனு போடலாம். உறுதிமொழி உத்தரவில் இருந்தால், அடுத்த முறை அதிகாரி வரும்போது நீங்கள் அவமதிப்பு மனுவோடு போகிறீர்கள். இல்லையென்றால் முதல் படியிலிருந்து புது ரிட். உத்தரவில் ‘தள்ளுபடி’ என்று இருப்பதைவிட, ‘அரசுத் தரப்பின் கூற்றைப் பதிவு செய்துகொண்டு மனு முடித்துவைக்கப்படுகிறது’ என்று இருப்பது உங்களுக்கு நல்லது.

## வழி 2: வாபஸ் வாங்குவது

‘தள்ளுபடி என்று வந்தால் அசிங்கம், நாமே வாபஸ் வாங்கிவிடலாம்’ என்று கட்சிக்காரர்கள் கேட்பதுண்டு. பெயருக்காக இதைச் செய்யாதீர்கள். தள்ளுபடியைவிட ஆபத்தான வழி இதுதான்.

சிவில் நடைமுறைச் சட்டம் ஆர்டர் 23, ரூல் 1 சொல்வது சுருக்கமானது. அனுமதி கேட்காமல் வழக்கை விட்டால், அதே விஷயத்துக்காகப் புது வழக்கு போட முடியாது. எதிர்த்தரப்பின் செலவுத்தொகையையும் உங்கள் தலையில் கட்டலாம். நடைமுறைக் குறைபாடோ வேறு போதிய காரணமோ இருப்பதாகக் காட்டி, புது வழக்குக்கு அனுமதியோடு வாபஸ் கேட்டால் கதவு திறந்திருக்கும். ரிட் மனுக்களுக்குச் சிவில் நடைமுறைச் சட்டம் நேரடியாகப் பொருந்தாது என்றாலும், சர்குஜா டிரான்ஸ்போர்ட் சர்வீஸ் வழக்கில் 1986இல் உச்ச நீதிமன்றம் இதே கொள்கையை ரிட்டுக்கும் நீட்டியது: அனுமதியில்லாமல் வாபஸ் வாங்கிய ரிட்டை உயர் நீதிமன்றத்தில் மறுபடி போட முடியாது. ஆட்கொணர்வு மனுவைப் போல, உயிர் சுதந்திரம் சம்பந்தப்பட்டவற்றை மட்டும் வேறாக வைத்தது.

நம் ஊர் நீதிமன்றங்களில் இது நடக்கும் விதத்தைக் கிட்டே நின்று பார்த்தவர்களுக்குத் தெரியும். வக்கீல் கேஸ் கட்டை வாங்கி, மனுவின் ஓரத்தில் பேனாவால் ‘நாட் பிரஸ்டு’ (வலியுறுத்தவில்லை) என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுப்பார். எண்டார்ஸ்மென்ட் என்போம். அந்த இரண்டு சொல்லும் வாபஸுக்குச் சமம். ‘லிபர்ட்டி’ (புது வழக்குக்கு அனுமதி) என்ற மூன்றாவது சொல் அந்த ஓரத்தில் இல்லையென்றால் பெரும்பாலும் உத்தரவிலும் இருக்காது. எண்டார்ஸ்மென்ட் போடும் முன் என்ன எழுதப்போகிறார் என்று உங்கள் வக்கீலிடம் கேட்பது மரியாதைக்குறைவு இல்லை. கேளுங்கள்.

அனுமதி கிடைத்தாலும் ஒரு பள்ளம் இருக்கிறது. ஆர்டர் 23, ரூல் 2 படி, முதல் வழக்கே போடாதது போலத்தான் புது வழக்கின் கால வரையறை கணக்கிடப்படும். பணம் வசூலிக்க மூன்று வருடம் என்றால், முதல் வழக்கில் நான்கு வருடம் போயிருந்தால், அனுமதி கையில் இருந்தும் புது வழக்கு காலம் கடந்தது. 1963ஆம் ஆண்டின் கால வரையறைச் சட்டம் 14ஆம் பிரிவு காப்பாற்றும் என்று சிலர் நம்புகிறார்கள். அதிகார வரம்பு இல்லாத நீதிமன்றத்தில் நல்லெண்ணத்தோடு நடத்திய வழக்கு போன்றவற்றுக்குத்தான் அந்தப் பிரிவு. காரணம் காலாவதியானதால் வாபஸ் வாங்கிய வழக்குக்கு அதை நம்பி இறங்காதீர்கள்.

எப்போது இது சரி: பழைய உத்தரவின் இடத்தில் புது உத்தரவு வந்து, அதைத் தனியாக எதிர்ப்பதே சுத்தம் என்னும்போது; அல்லது தவறான ஆளை எதிர்மனுதாரராகச் சேர்த்தது போன்ற குறை பழைய மனுவில் இருந்து, காலக்கெடுவும் மிச்சம் இருக்கும்போது. இரண்டிலும் அனுமதி எழுத்தில் வேண்டும்.

## வழி 3: மனுவைத் திருத்தித் தொடர்வது

நான் பெரும்பாலும் சிபாரிசு செய்யும் வழி இது. உழைப்பு அதிகம் என்பதால் பலர் ஒதுக்கிவிடுகிறார்கள்.

வழக்கு போட்ட நாளில் இருந்த நிலையை வைத்துத்தான் தீர்ப்பு என்பது பொது விதி. அதற்குப் பின் நடந்ததையும் நீதிமன்றம் கணக்கில் எடுக்கலாம், எடுக்கவும் வேண்டும் என்று நீதிபதி வி.ஆர்.கிருஷ்ணய்யர் 1975இல் ஒரு வாடகை வழக்கில் எழுதியது இன்றும் நமக்குக் கைகொடுக்கிறது. சிவில் வழக்கில் ஆர்டர் 6, ரூல் 17இல் திருத்த மனு. ரிட்டில் கோரிக்கையைத் திருத்தச் சொல்லி டபிள்யூ.எம்.பி. என்னும் துணை மனு. சாட்சி விசாரணை தொடங்கிய பிறகு திருத்தம் கேட்டால், முன்பே ஏன் கேட்கவில்லை என்பதற்குப் பதில் சொல்ல வேண்டும். வழக்கு போட்ட பிறகு நடந்த சம்பவம் என்றால் அந்தப் பதில் உங்கள் கையிலேயே இருக்கிறது. நடந்ததும் தாமதிக்காமல் வந்தீர்களா என்பதைத்தான் பார்ப்பார்கள்.

மேலே சொன்ன சுவரையே எடுத்துக்கொள்வோம். பொதுவழியை மறித்துச் சுவர் எழுப்பக் கூடாது என்று தடையாணை வழக்கு. விசாரணை நடக்கும்போதே இரண்டு ஞாயிற்றுக்கிழமைகளில் கட்டி முடித்துவிட்டார்கள். இந்த வழக்கை விட்டால் 40ஆம் பிரிவின் அடி விழும். விடாமல், ‘கட்டிய சுவரை அகற்ற வேண்டும்’ என்ற செயலுறுத்துக் கட்டளையையும், கூடவே நஷ்டஈட்டையும் சேர்த்துத் திருத்துங்கள். அதே 40ஆம் பிரிவின் இரண்டாம் உட்பிரிவு இங்கே உங்கள் பக்கம் நிற்கிறது: நஷ்டஈடு கேட்காமல் விட்டிருந்தால், வழக்கின் எந்தக் கட்டத்திலும் அதைச் சேர்க்க நீதிமன்றம் அனுமதிக்க வேண்டும் என்கிறது. ஒரே பிரிவுதான். வழக்கை உயிரோடு வைத்திருப்பவருக்கு அது கொடுக்கிறது, விட்டவரிடமிருந்து பறிக்கிறது.

சுவர் கட்டிய தேதியை நிரூபிக்க வேண்டிவரும். செங்கல் இறங்கிய அன்றே போட்டோ எடுத்து, இடத்தை நேரில் பார்த்து நீதிமன்றத்துக்கு அறிக்கை தரும் வழக்கறிஞர் ஆணையரை நியமிக்கச் சொல்லி மனு போட்டவர்கள் பிழைத்தார்கள். சிமெண்ட் பூசி வெள்ளையடித்த பிறகு வந்தவர்கள், அது எப்போதோ கட்டியது என்ற வாதத்துக்குப் பதில் சொல்லத் திணறினார்கள்.

செலவு? கூடுதல் பரிகாரத்துக்கு மதிப்புப் போட்டுக் கூடுதல் கட்டணம். தமிழ்நாட்டில் 2017 திருத்தத்துக்குப் பிறகு பண வழக்குகளுக்கு நூற்றுக்கு 3 ரூபாய், முன்பு 7.50 இருந்தது. இரண்டு லட்சம் நஷ்டஈடு சேர்த்தால் 6,000 ரூபாய். எதிர்த்தரப்பு கூடுதல் பதிலுரை போடும், மறுபடி சாட்சி ஏறலாம், ஒரு வருடம் கூடும். திருத்தத்தை அனுமதித்த உத்தரவில் தேதி சொல்லவில்லையென்றால், 14 நாளுக்குள் வழக்குரையில் திருத்தத்தைச் செய்து முடிக்க வேண்டும். திருத்த மனுவில் ஜெயித்துவிட்டு இந்த 14 நாளைக் கோட்டைவிட்டவர்கள் உண்டு. டைரியில் குறித்துவையுங்கள்.

எப்போது இது சரி இல்லை: புதுச் சம்பவம் முற்றிலும் வேறு ஆட்களை, வேறு சட்டத்தைக் கொண்டுவந்தால், பழைய மனுவை இழுத்து இழுத்து ஒட்டுப்போடுவதைவிட அனுமதியோடு வாபஸ் மேல்.

## வழி 4: சமரசமாக எழுதி முடிப்பது

எதிர்த்தரப்பு இறங்கிவந்ததால்தான் வழக்கு பயனற்றுப் போனது என்றால், அதை வெறும் தள்ளுபடியாக விடுவது பணத்தைத் தரையில் போட்டுவிட்டு வருவதற்குச் சமம். சொல்லப்போனால் நிஜமாகவே பணம்தான். தமிழ்நாடு நீதிமன்றக் கட்டணச் சட்டம் 69-ஏ பிரிவில், வழக்கு சமரசத்தில் முடிந்தால் கட்டிய கட்டணம் திரும்பக் கிடைக்கும். மத்தியஸ்த மையம் போகாமல் இரு தரப்பும் தாங்களாகவே பேசி முடித்தாலும் இது பொருந்தும் என்று, சென்னை உயர் நீதிமன்றத்தின் நிர்வாகத் தரப்பு கொண்டுபோன மேல்முறையீட்டை நிராகரித்து உச்ச நீதிமன்றம் 2021 பிப்ரவரியில் சொல்லிவிட்டது. பத்து லட்ச ரூபாய் வழக்கில் 30,000 ரூபாய். ‘வாடகைக்காரர் பாக்கியைக் கொடுத்துவிட்டுப் போனார், வழக்கு தள்ளுபடி’ என்று முடித்தால் இந்தக் காசு வராது. அதே விஷயத்தை ஒரு கூட்டு மெமோவில் இருவரும் கையெழுத்திட்டு, ஆர்டர் 23, ரூல் 3இல் பதிவுசெய்தால் வரும். லோக் அதாலத்தில் முடித்தாலும் வரும். அங்கே மேல்முறையீடு கிடையாது.

கவனிக்க வேண்டியவை இரண்டு. சமரசத்தில் வழக்குச் சொத்தைத் தாண்டி வேறு நிலத்தையும் சேர்த்து எழுதினால், அந்த டிகிரியைப் பத்திரப் பதிவு அலுவலகத்தில் பதிய வேண்டும், முத்திரைத் தீர்வையோடு. பிறகு, ஏமாற்றிக் கையெழுத்து வாங்கினார்கள் என்று தனி வழக்கு போட ரூல் 3-ஏ விடாது. சமரசத்தைப் பதிவுசெய்த அதே நீதிமன்றத்தில்தான் முறையிட வேண்டும். வாசித்துப் புரிந்த பிறகு கையெழுத்திடுங்கள். வீட்டில் படித்த பிள்ளை இருந்தால் அவர்களையும் வாசிக்கச் சொல்லுங்கள்.

அரசை எதிர்த்த ரிட்டுகளில் இந்த வழி அபூர்வம். அங்கே அரசின் கூற்றைப் பதிவுசெய்வதுதான் சமரசத்தின் இடத்தில் நிற்கிறது.

## வழி 5: ‘இருந்தாலும் தீர்ப்பு சொல்லுங்கள்’ என்று நிற்பது

பரிகாரம் இல்லாவிட்டாலும் சட்டக் கேள்விக்குப் பதில் வேண்டும் என்று கேட்பது. உச்ச நீதிமன்றம் இதைச் செய்திருக்கிறது. கர்நாடகத்தில் தன் ஆட்சியைக் கலைத்ததை எதிர்த்த எஸ்.ஆர்.பொம்மையின் வழக்கில் 1994இல் தீர்ப்பு வந்தபோது, அங்கே ஏற்கெனவே தேர்தல் நடந்து புதிய சட்டமன்றம் வந்துவிட்டது. பழைய ஆட்சியைத் திருப்பிக் கொடுக்க முடியாது. ஆனாலும் ஒன்பது நீதிபதிகள் கேள்விக்குப் பதில் சொன்னார்கள். மாநில ஆட்சிகளைக் கலைக்கும் வழக்கம் அதன் பிறகு கட்டுக்குள் வந்தது. 2016 பணமதிப்பு நீக்க வழக்கு 2022 அக்டோபரில் அரசியல் சாசன அமர்வின் முன் வந்தபோது, இது இனி ஏட்டளவுக் கேள்விதானே என்று மத்திய அரசுத் தரப்பு சொல்லியும் விசாரித்து, 2023 ஜனவரி 2 அன்று தீர்ப்பு சொன்னார்கள்.

உங்கள் வழக்கு அந்த உயரத்தில் இல்லையென்றால் இதை நம்பி ஐந்து வருடம் காத்திருக்க வேண்டாம். ஒரே ஒரு விதிவிலக்கு சொல்வேன்: ஒவ்வொரு ஆண்டும் திரும்பத் திரும்ப நடந்து, ஒவ்வொரு ஆண்டும் தீர்ப்பு வரும் முன் காலாவதியாகும் விஷயங்கள். சேர்க்கை விதி, கோயில் திருவிழா அனுமதி போன்றவை. ‘இந்த ஆண்டு முடிந்தது’ என்று எதிர்த்தரப்பு சொல்லும்போது, ‘அடுத்த ஆண்டும் இதே உத்தரவுதான் வரும்’ என்று முந்தைய இரண்டு மூன்று ஆண்டு உத்தரவுகளைக் கையில் வைத்துக்கொண்டு சொல்ல முடிந்தால் நில்லுங்கள்.

## நீங்கள் எதிர்மனுதாரர் என்றால்

சுருக்கமாகச் சொல்கிறேன். காரணம் போன வழக்கு உங்கள் சொத்தின் மேல் தொங்கிக்கொண்டிருந்தால் 151ஆம் பிரிவில் மனு போட்டு முடிக்கச் சொல்லலாம். மேலே சொன்ன 2004 தீர்ப்பு உங்களுக்குத்தான். மனுதாரர் இடைக்கால உத்தரவால் எதையாவது அனுபவித்திருந்தால், அதைத் திருப்பித் தரும் கோரிக்கையையும் அப்போதே வையுங்கள். தள்ளுபடி வந்த சந்தோஷத்தில் அது விட்டுப்போகிறது.

## உத்தரவு வந்த பிறகு

வாய்மொழியாகச் சொன்னதை நம்பி உட்கார்ந்துவிடாமல் சான்றிட்ட நகலுக்கு உடனே மனு போடுங்கள். நகலில் நான்கைத் தேடுங்கள்: எதிர்த்தரப்பின் கூற்று பதிவாகியிருக்கிறதா, அனுமதி என்ற சொல் இருக்கிறதா, கட்டிய பணத்தைப் பற்றி ஏதாவது இருக்கிறதா, ‘தள்ளுபடி’ என்றிருக்கிறதா ‘முடித்துவைக்கப்படுகிறது’ என்றிருக்கிறதா. நீதிமன்றத்தில் சொன்னது விட்டுப்போயிருந்தால், வழக்கை அதே நீதிபதி முன் ‘ஃபார் பீயிங் மென்ஷன்ட்’ தலைப்பில் மறுபடி பட்டியலிடச் சொல்லிச் சேர்த்துக்கொள்ளலாம். சொன்ன நினைவு எல்லோருக்கும் இருக்கும் முதல் வாரத்தில் இது எளிது. உத்தரவு தவறான தகவலின் மேல் நின்றால் மறுசீராய்வுக்கு 30 நாள். தனி நீதிபதியின் ரிட் உத்தரவை எதிர்த்து ரிட் மேல்முறையீட்டுக்கும் 30 நாள்.

பெரியவரின் இரண்டாவது ரிட்டில் அரசு வழக்கறிஞர் அதே பதிலைத்தான் சொன்னார். இந்த முறை நான் உட்காரவில்லை. “கூற்றைப் பதிவு செய்ய வேண்டும், மை லார்ட்” என்றேன். நீதிபதி உடனே சொல்லி எழுதவைத்தார். அரை நிமிடம் ஆகியிருக்கும். நகல் வந்ததும் அந்த வரியைப் பெரியவருக்கு வாசித்துக் காட்டினேன். இன்னொரு தடவை வாசிக்கச் சொன்னார்.